மலை ஏறுவார்க்கு வீர்யாசாரம்





தீர்த்த யாத்திரை சென்று திரும்பியவரைக் கண்டால் நம் ஊர்களில் முதலில் எழும் வினா ஒன்றுண்டு. "எத்தனை மணிக்கு ஏறினீர்கள்? எத்தனை மணிக்கு இறங்கினீர்கள்?" என்பதே அது. சம்மேத சிகரம் சென்று வந்தவராயின் விடையும் ஆயத்தமாக இருக்கும். "இரவு மூன்றுக்குப் புறப்பட்டோம், நண்பகலுக்குள் இறங்கிவிட்டோம்" என்பார். கேட்டவர் வியப்பார். அடுத்த ஆண்டு செல்பவர் அதைவிட ஒரு மணி நேரம் முந்த எண்ணுவார். வழியில் எவற்றை மிதித்தீர்கள் என்று எவரும் கேட்பதில்லை. கேட்டாலும் நம்மால் விடை கூற இயலாது. அந்த இயலாமையைப் பற்றியே இவ்விதழில் சிறிது சிந்திக்க விழைகின்றோம்.

மலையேற்றம் தமிழ்ச் சமணர்க்குப் புதிதன்று. வந்தவாசிக்கு அருகே பொன்னூர் மலையில் ஆசாரிய குந்தகுந்தரின் திருவடிகளை வணங்க நம் பாட்டன்மார் குழந்தைகளைத் தோளில் சுமந்து ஏறினர். போளூரை அடுத்த திருமலையும் செஞ்சியை அடுத்த திருநாதர்குன்றும் நம் வீட்டுத் திண்ணை போல் பழகியவை. ஆயினும் இவை ஒரு பொழுதில் ஏறி இறங்கக்கூடியவை. களைப்பு முற்றுமுன் வழி முடிந்துவிடும். நம் வலிமையையும் கவனத்தையும் உள்ளபடி சோதிக்கும் மலை சம்மேத சிகரமே.

இருபத்துநான்கு தீர்த்தங்கரருள் இருபதின்மர் வீடுபேறு எய்திய அம்மலை, இன்றைய ஜார்க்கண்டு மாநிலத்தின் கிரீடி மாவட்டத்தில் உள்ளது. உலகத்தார் பாரசநாத் மலை என்பர். கடல் மட்டத்துக்கு மேல் ஏறத்தாழ 1,365 மீட்டர் உயரம். அடிவாரமாகிய மதுவனத்திலிருந்து ஏற்றம் சுமார் 9 கிலோமீட்டர். மேலே முகடு முகடாகச் சென்று திருவடிக் கோயில்களை வணங்கும் வழி சுமார் 9 கிலோமீட்டர். இறக்கம் சுமார் 9 கிலோமீட்டர். ஆக, 27 கிலோமீட்டர். மலைமேல் உணவு கொள்வதில்லை என்னும் நியமத்துடன் ஏறுவோர் நம்மவருள் பலர்.

இந்த நியமத்துக்கு ஒரு கணக்கு உண்டு. அதை நாம் போட்டுப் பார்ப்பதில்லை. மார்கழியில் அப்பகுதியில் மாலை ஐந்து மணிக்கே பொழுது சாயும். இரவுண்ணாமை நோற்பவர் அதற்குமுன் உண்டு முடிப்பார். மறுநாள் பிற்பகல் இரண்டு மணிக்கு இறங்கி வந்து உண்பாராயின், இடைப்பட்ட காலம் 21 மணி நேரம். அதில் பதினொரு மணி நேரம் மலைநடை. முந்தைய இரு இரவுகள் இரயிலில் உறங்கியும் உறங்காமலும் கழிந்தவை. வீட்டிலிருந்து கோயிலுக்கு வண்டியில் செல்லும் கால்கள் ஒரே நாளில் இவ்வளவையும் தாங்க வேண்டும் என்று எதிர்பார்க்கின்றோம்.

சில ஆண்டுகளுக்குமுன் நாமும் அவ்வாறே சென்றோம். குழுவில் பதினாறு பேர். நள்ளிரவு தாண்டி இரண்டரை மணிக்குப் புறப்பட்டோம். ஏற்றத்தில் நாமே முன்னணியில் இருந்தோம். அதில் நமக்கு ஒரு மகிழ்ச்சியும் இருந்தது என்பதை மறைப்பதற்கில்லை. முகடுகளை வணங்கி, சந்திரப்பிரப சுவாமியின் முகட்டுக்குச் செல்லும் நெடிய வழியையும் கடந்து, இறுதியில் பார்சுவநாதர் முகட்டை அடைந்தபோது தொடைகள் நடுங்கின. ஆயினும் நிற்கவில்லை. இறங்கத் தொடங்கினோம். வாய் பஞ்ச நமஸ்காரத்தை விடாமல் உரைத்துக்கொண்டிருந்தது. பாதி இறக்கத்தில், பின்னால் வந்த பத்து வயதுச் சிறுமி ஒருத்தி, "தாத்தா, எறும்புச் சாரையை மிதித்துவிட்டீர்கள். முன்பும் ஒரு சாரையை மிதித்தீர்கள்" என்றாள்.

திரும்பிப் பார்த்தோம். சாரை குலைந்து எறும்புகள் நாற்புறமும் ஓடிக்கொண்டிருந்தன. ஓடாமல் கிடந்தவையும் இருந்தன. அதைவிட நம்மைத் திடுக்கிட வைத்தது வேறொன்று. கடந்த ஒரு மணி நேரத்தில் நம் கண் தரையைக் கண்டதாக நினைவே இல்லை. முழங்காலின் வலியும், மதுவனத்தில் காத்திருக்கும் வெந்நீரும், எம்முடன் போட்டியிட்டு வந்தவர் எவ்வளவு பின்னால் இருக்கிறார் என்பதுமே நினைவில் இருந்தன. மந்திரம் தானாக ஓடிற்று. காலும் தானாக ஓடிற்று.

தத்துவார்த்த சூத்திரத்தின் ஏழாம் அத்தியாயத்தில் உமாஸ்வாமி ஆசாரியர் இம்சைக்கு இலக்கணம் கூறுகையில், உயிர் போவதை மட்டும் கூறி அமையவில்லை; பிரமாதத்தோடு கூடிய மன மொழி மெய்களின் இயக்கத்தை முதலில் வைக்கின்றார். குந்தகுந்தரும் பிரவசன சாரத்தில் இதையே வற்புறுத்துகின்றார். கவனமின்றி ஒழுகுபவனுக்கு, எதிரே உள்ள உயிர் இறந்தாலும் பிழைத்தாலும் இம்சை உறுதி. கவனமாக ஒழுகுபவனுக்கு, தன்னை மீறி நேர்ந்த உயிரிழப்பு மட்டும் பந்தமாவதில்லை என்பது அவர் கருத்து. அவ்வாறாயின் அன்று நாம் மிதித்த இரண்டு சாரைகள் மட்டும் நம் கணக்கில் இல்லை. எதையும் மிதியாமல் கடந்த அந்த ஒரு மணி நேரமும் நம் கணக்கிலேயே உள்ளது.

பிரமாதம் என்றால் சோம்பல் என்று பொருள் கொண்டு, நாம் சோம்பேறிகள் அல்லவே என்று ஆறுதல் அடைபவர் உண்டு. ஆகமம் கூறும் பிரமாதம் பதினைந்து: விகதை எனப்படும் வீண்பேச்சு நான்கு, கஷாயம் நான்கு, புலன்கள் ஐந்து, உறக்கம் ஒன்று, பற்று ஒன்று. இப்பதினைந்தையும் மலையேறும் குழு ஒன்றில் வரிசையாகக் காணலாம். உணவைப் பற்றிய பேச்சும் அரசைப் பற்றிய பேச்சும் விகதையுள் அடங்குவன. மேலே தீர்த்தங்கரர் முத்தியடைந்த முகடு தெரிகிறது. கீழே நம்மவர், தருமசாலையில் நேற்று வைத்த குழம்பில் உப்புக் குறைந்ததைப் பற்றியும் அடுத்த தேர்தலைப் பற்றியும் உரையாடிக்கொண்டு ஏறுகின்றனர். முந்திச் செல்பவனுக்கு மானம், பிந்தியவன்மேல் குரோதம். உறக்கமோ இரண்டு இரவுகளாகக் கண்ணிமையில் காத்திருக்கிறது. களைப்பு என்பது தனியே பதினாறாவது பிரமாதமாகக் கூறப்படவில்லை. இப்பதினைந்துக்கும் கதவைத் திறந்துவிடுவது அது. ஆகவே வலிமையைக் காத்துக்கொள்வது உடல்நலம் பேணுவோர் காரியம் என்று ஒதுக்கத் தக்கதன்று. நம் திருவறத்தில் அது அகிம்சையின் ஒரு பகுதி.

இங்கே ஒருவர் கேட்கலாம்: "உடலை வருத்துவதன்றோ தவம்? காயக்லேசம் புறத்தவங்களுள் ஒன்றன்றோ? வலிமையைக் கணக்கிட்டுச் செலவிடுவது உடலைக் கொஞ்சுவது ஆகாதா?" நல்ல வினா. இதற்கு விடை வீர்யாசாரத்தில் உள்ளது. ஞானம், தரிசனம், சாரித்திரம், தவம், வீர்யம் எனும் ஐந்து ஆசாரங்களுள் இறுதியானது அது. வீர்யம் உயிரின் குணம். சித்தர்க்கு அது அளவிறந்தது. நமக்கோ வீர்யாந்தராய கர்மத்தின் மறைப்பு எவ்வளவு விலகியுள்ளதோ அவ்வளவே வெளிப்படும். அதுவும் இன்று போல் நாளை இராது. உள்ள வலிமையை ஒளிக்காமலும், இல்லாத வலிமையை இருப்பதாகக் காட்டாமலும் முயல்வதே வீர்யாசாரம். தீர்த்தங்கர நாமகர்மத்துக்கு ஏதுவான பதினாறு பாவனைகளைக் கூறும்போதும், தியாகம், தவம் ஆகிய இரண்டற்கும் 'சக்திக்கு ஏற்ப' என்னும் அடையை ஆசாரியர் சேர்த்துள்ளார். அந்த அடை சலுகைக்காகச் சேர்க்கப்பட்டதென்று நாம் எண்ணிக்கொள்கின்றோம். தம் சக்தியின் அளவைத் தாமே நேர்மையாக அறிந்து உரைப்பது எத்துணைக் கடினம் என்பதை மலையின் பாதியில் நின்று பார்த்தவர் அறிவர்.

இதில் இருபுறமும் தவறு உண்டு. இருபத்தைந்து வயது இளைஞன், உடலில் குறையேதும் இன்றி, டோலியில் அமர்ந்து செல்வது வலிமையை ஒளித்தல். நால்வர் தோள் நோகத் தன் தோளை அவன் காத்துக்கொள்கிறான். எழுபது வயதுப் பெரியவர், மருத்துவர் தடுத்தும், பிறர் என்ன சொல்வாரோ என்று அஞ்சி நடந்தே ஏறுவது இல்லாத வலிமையைக் காட்டுதல். அவர் நடுவழியில் விழுந்தால் தூக்கப் போவதும் அதே தோள்களே. திருக்குறளில் வலியறிதல், காலமறிதல், இடனறிதல் என்று மூன்று அதிகாரங்கள் அடுத்தடுத்து வருகின்றன. கொம்பின் நுனிவரை ஏறியவன் அதற்கு மேலும் ஏற முயன்றால் நேரும் கேடு வலியறிதலிற் கூறப்பட்டுள்ளது. அரசர்க்கென்று சொல்லப்பட்ட அம்மூன்று அதிகாரங்களையும் யாத்திரைக்குப் புறப்படுமுன் ஒருமுறை ஓதிவிட்டுச் செல்லலாம் என்பது நம் எண்ணம்.

உண்ணாநோன்பின் பெருமைக்குத் திருநாதர்குன்றைச் சான்று காட்டுவோர் உண்டு. ஐம்பத்தேழு நாள் அனசனம் நோற்று உயிர் நீத்த சந்திரநந்தி ஆசிரியரின் நிசீதிகையைக் குறிக்கும் பழந்தமிழ்க் கல்வெட்டு அக்குன்றில் உள்ளது. "அவர் ஐம்பத்தேழு நாள் இருந்தார், நாம் ஒரு நாள் இருக்கலாகாதா?" என்பர். இருக்கலாம். ஆனால் சல்லேகனை நோற்பவர் உணவைக் குறைக்கும்போது போக்குவரவையும் குறைக்கின்றார். ஓரிடத்தில் அமைந்து, உடலின் தேவையையும் மனத்தின் அலைச்சலையும் ஒருசேர ஒடுக்குகின்றார். நாமோ உணவை நிறுத்திய நாளன்றே வாழ்நாளில் நடவாத தூரம் நடக்கின்றோம். ஒரு முனையில் வரவை அடைத்து மறுமுனையில் செலவைப் பெருக்கும் வணிகம் நம் கடைகளில் ஒருநாளும் நடவாது.

உபவாசம் பூணும் நாளும் மலையேறும் நாளும் வெவ்வேறாக இருத்தலே பெரும்பாலோர்க்குத் தக்கது. ஒரே நாளில் இரண்டையும் மேற்கொள்ள வல்லவர் உண்டு. அவர் முன்பே நம் ஊர்க் குன்றுகளில் மாதம் ஒருமுறையேனும் நடந்து பழகியவராக இருப்பார். மற்றவர், காய்ச்சி ஆறிய நீரை உடன் கொண்டு செல்வதை இழிவாகக் கருத வேண்டா. குளிர்காலத்தில் தாகம் தோன்றாது. ஆயினும் வியர்வையிலும் மூச்சிலும் நீர் குறைந்துகொண்டே இருக்கும். சர்க்கரை நோய்க்கு இன்சுலினோ மாத்திரையோ கொள்வோர், மருத்துவரைக் கேளாமல் உண்ணாமல் ஏறுதல் கூடவே கூடாது. மருந்தை மட்டும் கொண்டு உணவைத் தவிர்த்தால் இரத்தத்தில் சர்க்கரை தாழ்ந்து, கை நடுங்கும், குளிர்ந்த வியர்வை வரும், பேச்சு குழறும். பக்திப் பரவசம் என்று அதைத் தவறாக எண்ணிச் சுற்றி நின்று கைகூப்பியவர்களையும் நாம் கண்டிருக்கின்றோம். அவர்க்கு அந்நொடியில் வேண்டியது கல்கண்டோ சர்க்கரை கரைத்த நீரோ. நினைவு தப்பியவர் வாயில் எதையும் ஊட்டாது உடனே மருத்துவ உதவிக்கு ஆள் அனுப்ப வேண்டும். அன்று நியமம் பிழைத்ததென்று பின்னர் பிராயச்சித்தம் கொள்ளலாம்.

இனி, புறப்படும் நேரம். முனிவரின் ஐந்து சமிதிகளுள் முதலாவது ஈர்யா சமிதி. பகலொளியில், பிறர் நடந்து பழகிய வழியில், தக்க காரணம் பற்றி, நுகத்தடி அளவு, அதாவது ஏறத்தாழ நான்கு முழம், முன்னே நோக்கி நடத்தல் அது. விகாரம் செய்யும் முனிவர் இருள் பிரியுமுன் அடி எடுத்து வைப்பதில்லை. அவர் முத்தியடைந்த மலையை வணங்கச் செல்லும் நாம் இரவு இரண்டரைக்கு மின்விளக்கு ஏந்தி ஓடுகின்றோம். விளக்கின் வட்டத்துக்குள் விட்டில்கள் வந்து விழுகின்றன. வட்டத்துக்கு வெளியே என்ன உள்ளதென்று கால் அறியாது. இல்லறத்தார்க்கு ஈர்யா சமிதி முழுமையாக விதிக்கப்படவில்லை என்பது உண்மையே. ஆயினும் அகிம்சை விரதத்துக்குரிய பாவனைகள் ஐந்தனுள் அதுவும் ஒன்றாக வைக்கப்பட்டுள்ளது. திரும்பும் இரயில் மறுநாள் என்பதற்காகவே பலர் நள்ளிரவில் புறப்படுகின்றனர். பயணச்சீட்டு வாங்கும்போதே ஒரு நாள் கூட்டி வாங்கினால் பாதி வழக்குத் தீரும். மதுவனத்தில் முதல் நாள் இளைப்பாறி, மறுநாள் முதல் வெளிச்சத்தில் ஏறலாம். உடல் திறமுடையோர் விடியலில் புறப்பட்டும் பொழுது சாயுமுன் இறங்கிவிடக் கூடும். இயலாதோர் எல்லா முகடுகளையும் ஒரே நாளில் வணங்கியே தீர வேண்டும் என்னும் பிடிவாதத்தை விடலாம். சாதுர்மாச மழைக்காலத்தைத் தவிர்க்க வேண்டும் என்பதைச் சொல்ல வேண்டியதில்லை; சிற்றுயிர் பெருகும் அந்நான்கு மாதங்களில் முனிவரே ஓரிடத்தில் தங்கிவிடுகின்றனர்.

ஏற்றத்தில் நம் வேகத்தை அளக்க நம் முன்னோர் ஒரு கருவியைக் கொடுத்துள்ளனர். கையில் கட்டிக்கொண்டு நடந்த அடிகளை எண்ணும் இக்காலக் கருவியைக் கூறவில்லை. பஞ்ச நமஸ்காரத்தை மூன்று மூச்சில் நினைக்க வேண்டும் என்பது முறை: முதலிரண்டு அடிகள் ஒரு மூச்சு, அடுத்த இரண்டு அடிகள் ஒரு மூச்சு, இறுதி அடி ஒரு மூச்சு. சமவெளியில் இது எளிது. மலையில் மூச்சு இரைக்கத் தொடங்கியதும் முதலடியின் நடுவிலேயே மூச்சு அறுந்துபோகும். அறுந்தால், நம் வலிமைக்கு மீறி விரைகின்றோம் என்று பொருள். நடையைக் குறைத்தால் மந்திரம் மீண்டும் மூன்று மூச்சுக்குள் அமையும். முன்னே செல்பவரைப் பாராமல் இதை மட்டும் பார்த்து ஏறினால், எழுபது வயதிலும் இருபது வயதிலும் அவரவர்க்குரிய வேகம் தானே அமைந்துவிடும்.

நிற்பதற்கும் முறை உண்டு. ஒன்பது நமஸ்காரம், இருபத்தேழு மூச்சு: இது ஒரு காயோத்சர்க்கம். வழியின் வளைவில், ஓரமாக, காலடியை நன்கு நோக்கியபின், இரு கைகளையும் தொங்கவிட்டு அசையாது நின்றால் கால்களும் ஓயும், நெஞ்சின் படபடப்பும் அடங்கும், சிதறிய மனமும் கூடும். 'உடலை விடுதல்' என்பது சொற்பொருள். உடலும் சற்றே நம்மை விடுகிறது. எவ்வளவு நேரத்துக்கு ஒருமுறை நிற்பது என்று கேட்பார்க்கு, ஆகமத்திலிருந்தே ஓர் அளவு கூறலாம். சிதறாத ஒருமை, உத்தமமான உடற்கட்டு உடையவர்க்கும் அந்தர்முகூர்த்த அளவே நிற்கும் என்பது தியானத்தைப் பற்றிய சூத்திரத்தின் கருத்து. முகூர்த்தம் என்பது 48 நிமிடம். அதற்கு உட்பட்டதே அந்தர்முகூர்த்தம். முனிவரும் ஆறாம் குணஸ்தானத்துக்கும் ஏழாம் குணஸ்தானத்துக்கும் இடையே, பிரமத்தமும் அப்பிரமத்தமுமாக, மாறி மாறி ஊசலாடுகின்றனர். அவர்க்கே அவ்வாறாயின், குழம்பும் தேர்தலும் நினைவில் சுமந்து ஏறும் நமக்குப் பதினொரு மணி நேரம் இடையறாத கவனம் எங்கிருந்து வரும்? அரை நாழிகைக்கு ஒரு காயோத்சர்க்கம் என்று வைத்துக்கொள்வது மிகையாகாது.

இறக்கத்தைப் பற்றி ஒன்று கூற வேண்டும். இறங்கும்போது மூச்சு வாங்குவதில்லை. ஆதலால் மேற்கூறிய மூச்சுக் கணக்கு அங்கே உதவாது. தொடைகள் ஓய்ந்திருக்கும்; மூச்சோ சீராக இருக்கும்; களைப்பில்லை என்று மனம் ஏமாறும். காரியம் முடிந்தது என்னும் நிறைவும் சேர்ந்துகொள்ளும். கால் வழுக்குவதும் கணுக்கால் பிசகுவதும் எறும்புச் சாரை மிதிபடுவதும் இவ்விடத்தில்தான். இங்கே கண்ணே அளவுகோல். நான்கு முழத்துக்குள் கடைசியாகக் கண்ட ஒரு பொருளை நினைவுக்குக் கொண்டுவர முடிகின்றதா என்று அவ்வப்போது நம்மையே கேட்டுக்கொள்ள வேண்டும். ஒரு சருகு, ஒரு கல், ஒரு பூச்சி. எதுவும் நினைவில்லையாயின் அங்கேயே நின்றுவிட வேண்டும். கோல் ஊன்றுவோர், கோலின் முனை ஊன்றும் இடத்தையும் பார்த்தே ஊன்ற வேண்டும். அதுவும் ஒரு கால்தான்.

காரணமின்றிச் செடியைக் கிள்ளுதல், கல்லை உதைத்து உருட்டுதல், கைப்பேசியை நீட்டியபடி பின்னோக்கி நடத்தல் ஆகியன அனர்த்ததண்டத்தில் பிரமாதசர்யையின் பாற்படும். 2019ஆம் ஆண்டு அறிவிக்கை ஒன்றால் சிகரம் சுற்றுலாத் தலமாகிவிடுமோ என்று நாடெங்கும் சமணர் கவலையுற்று எழுந்ததும், 2023 ஜனவரியில் மத்திய அரசு அங்குச் சுற்றுலா நடவடிக்கைகளை நிறுத்தி ஆணையிட்டதும் நாம் அறிந்தவை. சுற்றுலா வேண்டாமென்று முழங்கிய நாமே சுற்றுலாப் பயணிகளாக ஏறி இறங்கினால் யாரிடம் சென்று முறையிடுவது?

நம் குழுவில் வந்த பெரியம்மா ஒருவரைப் பற்றிக் கூறாமல் இதனை முடிக்க மனம் வரவில்லை. வயது அறுபத்தெட்டு. இளமையில் இருமுறை மலையை முழுமையாக வணங்கியவர். அன்று நாங்கள் இரண்டரைக்குப் புறப்பட்டபோது அவர் உடன் வரவில்லை. "வெளிச்சம் வந்ததும் நான் வருகிறேன், தம்பி. இன்று கந்தர்வ ஓடை வரைக்கும்தான். தேசவிரதம் எடுத்துக்கொண்டேன்" என்றார். ஒரு நாளைக்கு, ஒரு பொழுதுக்கு, இவ்வெல்லைக்கு அப்பால் செல்லேன் என்று வரையறுத்துக்கொள்ளும் அவ்விரதத்தை, வாணிகத்துக்கும் வழிப்பயணத்துக்கும் உரியதாகவே நாம் படித்திருந்தோம். தன் கால்களுக்கு அவர் அதை இட்டதை அன்று பொருட்படுத்தவில்லை. எம்முள் சிலர் இரங்கவும் செய்தனர். "இவ்வளவு தூரம் வந்து மேலே போகக் கொடுத்து வைக்கவில்லையே" என்று ஒருவர் அவர் காதுபடவே கூறினார்.

பிற்பகல் நாங்கள் ஓடையருகே இறங்கியபோது, அந்தச் சிறுமியின் சொல் நம் நெஞ்சில் தைத்துக் கிடந்தது. பெரியம்மா அங்கே சாமாயிகம் முடித்து அமர்ந்திருந்தார். முகத்தில் வாட்டமில்லை. அருகே அமர்ந்தோம். பேச்சுக்காக, "என்ன செய்துகொண்டிருந்தீர்கள், பெரியம்மா?" என்று கேட்டோம்.

"காலையில் பாயை அங்கே விரித்தேன், தம்பி. எறும்பு வரிசை வந்தது. ஏதோ ஒரு பூச்சியின் காய்ந்த சிறகைத் தூக்கிக்கொண்டு போயிற்று. சரி என்று பாயை இந்தப் பக்கம் மாற்றினேன். ஒரு நாழிகை கழித்து வெயில் வந்ததும் அதுவும் திரும்பி இந்தப் பக்கமே வந்தது. மறுபடி மாற்றினேன். மூன்று தரம் மாற்றியாயிற்று. அதோ பார், இன்னும் போய்க்கொண்டிருக்கிறது" என்று விரலால் காட்டினார்.

நாம் காலைச் சற்று இழுத்துக்கொண்டோம். சிறுமி அவ்வரிசையின் அருகே குந்தி அமர்ந்து எண்ணத் தொடங்கினாள்.